சூஸ் அத்தையைத் தேடி ஸ்பெயினில் ஐந்து நாள்

முதல் நாள் – அக்டோபர் 26, மாட்ரிட்

பெட்டியை அறையில் போட்டதும் நேராக அல்கலா தெருவுக்குப் போய்விட்டேன். 13ஆம் எண், சான் ஃபெர்னாண்டோ நுண்கலை அகாதெமி. மாட்ரிட் வருகிறவர்கள் முதலில் பிராதோ அருங்காட்சியகத்துக்குப் போவார்கள். நான் இங்கே வந்ததற்குக் காரணம் ஒரு நடிகை.

பெயர் சூஸ் லாம்ப்ரேயாவே. மரியா ஹெசூஸ் என்ற பெயரை அங்கே சூஸ் என்று சுருக்கிக் கூப்பிடுவார்கள். 1930 டிசம்பரில் இதே மாட்ரிடில் பிறந்தவர். ஸ்பானிய இயக்குநர் அல்மோதோவரின் படங்களைப் பார்த்தவர்களுக்குப் பெயர் தெரியாவிட்டாலும் முகம் தெரிந்திருக்கும். சின்ன உருவம், பாதி முகத்தை மறைக்கிற தடித்த கண்ணாடி, ஏற்ற இறக்கம் இல்லாமல் ஒரே தளத்தில் ஓடுகிற குரல். பாட்டி, அத்தை, அம்மா, கன்னியாஸ்திரி, வாசல் காக்கிற பெண். ஐம்பது வருடத்துக்கு மேல் நடித்தவர். எல்லாம் இந்த மாதிரி வேடங்கள்தான். அவர் நடித்த தெருக்களையும் ஊர்களையும் ஒரு தடவையாவது நேரில் பார்த்துவிட வேண்டும் என்று பல வருடமாக ஆசை. இந்தப் பயணம் அதற்குத்தான்.

நடிக்க வேண்டும் என்று அவர் கிளம்பவில்லை. ஓவியராக ஆசைப்பட்டுப் படித்த இடம் சான் ஃபெர்னாண்டோ. அந்தக் காலத்தில் ஓவியப் பள்ளியும் இந்தக் கட்டடத்தில்தான் இருந்தது. இயக்குநர் ஹைமே தெ அர்மின்யான் தொலைக்காட்சியில் சின்னச் சின்ன வேடங்களுக்குக் கூப்பிட்டார். போனார். அப்படியே நின்றுவிட்டார்.

மாடியில் கோயாவின் 'மத்தி மீன் அடக்கம்' என்ற ஓவியம் இருக்கிறது. கார்னிவல் முடிகிற நாளில் மாட்ரிட் ஜனங்கள் திறந்தவெளியில் ஆடுகிற காட்சி. நான் நினைத்திருந்ததைவிடச் சின்னது, ஒரு கை நீட்டினால் அடங்கிவிடும். நடுவில் வெள்ளைப் பாவாடை கட்டிய இரண்டு பெண்கள் ஆடுகிறார்கள். முதலில் கண் அங்கேதான் போகிறது. ஆனால் கால் மணி நேரம் நின்றால் சுற்றியிருக்கிற கூட்டம் ஒவ்வொருவராக மேலே வரத் தொடங்குகிறது. முகமூடி போட்டவன், தரையில் உட்கார்ந்திருப்பவள், தலையை மட்டும் நீட்டிப் பார்ப்பவன். ஒவ்வொரு முகத்துக்கும் கோயா இரண்டு மூன்று தூரிகைத் தீற்றலுக்கு மேல் செலவழிக்கவில்லை. அது போதுமாக இருக்கிறது.

மாணவியாக இருந்த சூஸ் இதன் முன்னால் நின்றிருப்பார் என்று நினைத்துக்கொண்டேன். பின்னாளில் அவருக்குக் கிடைத்த பெரிய விருதும் கோயாவின் தலைதான். ஸ்பானிய சினிமா அகாதெமி தரும் கோயா விருது என்பது அந்த ஓவியரின் மார்பளவுச் சிலை. ஃபெர்னாண்டோ ட்ருவெபா இயக்கிய 'பெல் எபோக்' படத்துக்காக 1993இல் சிறந்த துணை நடிகையாக அதை வாங்கினார். அடுத்த வருடம் அந்தப் படம் ஆஸ்கரும் வாங்கியது.

இரவுச் சாப்பாட்டுக்கு முன்னால் மோண்டல்பான் தெரு வரை ஒரு நடை. 7ஆம் எண் கட்டடம் 'நரம்புத் தளர்ச்சியின் விளிம்பில் பெண்கள்' (1988) படத்தில் கதாநாயகி குடியிருக்கும் கட்டடமாக வரும். அதில் சூஸ் வாசல்காரப் பெண். மாட்ரிடின் பழைய அடுக்கு வீடுகளில் கீழே ஒரு சின்ன அறையில் இருந்துகொண்டு, தபால் வாங்கி, படி துடைத்து, யார் வருகிறார் யார் போகிறார் என்று பார்த்துக்கொண்டிருக்கும் பெண்ணுக்கு 'போர்தேரா' என்று பெயர். இவர் நடித்த போர்தேரா யெகோவாவின் சாட்சிகள் சபையைச் சேர்ந்தவர், அதனால் பொய் சொல்ல மாட்டார். வீட்டில் எல்லோரும் எல்லோரிடமும் பொய் சொல்லித் தப்பிக்கிற படத்தில், பொய் சொல்லவே முடியாத ஒருத்தி வாசலில் உட்கார்ந்திருக்கிறாள். படத்தையே இரண்டு நிமிடத்தில் விளக்கிவிடுகிற வேடம் அது.

கதவு பூட்டியிருந்தது. கண்ணாடி வழியாக மாடிப்படியின் முதல் நாலு படி தெரிந்தது. நன்றாகத் துடைத்து வைத்திருந்தார்கள்.

இரண்டாம் நாள் – அக்டோபர் 27, கொன்செப்சியோன் பேட்டை

இன்று முழுக்க ஒரே இடம்.

மெட்ரோவின் 7ஆம் எண் பாதையில் பாரியோ தெ லா கொன்செப்சியோன் என்று ஒரு நிலையம். இறங்கி நடந்தால் தெருப் பெயரெல்லாம் மாதாவின் பெயர்கள்: விர்ஹென் தெ நூரியா, விர்ஹென் தெ லா அலெக்ரியா என்று போகிறது. அந்த வரிசை முடிகிற இடத்தில் எம்-30 விரைவுச்சாலை. அதை ஒட்டி, சாலையைப் பார்த்தபடி, மதில் போல நிற்கின்றன அடுக்குமாடிகள். 'கொல்மேனாஸ்' என்கிறார்கள், அதாவது தேன்கூடுகள். 1950களின் கடைசியில் கட்டத் தொடங்கியவை. லா மான்சாவிலிருந்தும் எஸ்த்ரெமதூராவிலிருந்தும் அந்தலூசியாவிலிருந்தும் ஊரைக் காலி செய்துகொண்டு மாட்ரிட் வந்த ஜனங்களுக்கு இந்த மாதிரிப் பேட்டைகள்தான் கிடைத்தன.

'இதற்கெல்லாம் நான் என்ன செய்தேன்?' (1984) படத்தின் குடும்பம் இந்தத் தேன்கூட்டில்தான் இருக்கிறது. கார்மென் மௌரா நாள் முழுக்க அடுத்த வீடுகளைத் துடைத்துவிட்டு வந்து தன் வீட்டையும் துடைக்கிற கதாநாயகி. சூஸ் மாமியார். கிராமத்திலிருந்து மகனோடு நகரத்துக்கு வந்து மாட்டிக்கொண்டவள். அப்போது சூஸுக்கு 53 வயது. மகனாக நடித்தவர் அவரைவிட சுமார் இருபது வயதுதான் இளையவர்.

இந்தப் பாட்டி என்ன செய்வாள் என்று சொல்லிவிடுகிறேன். மக்தலேனா என்று அங்கே ஒரு சின்ன கேக். அதையும் சோடா பாட்டிலையும் அலமாரியில் வைத்துப் பூட்டி, பேரன் கேட்டால் காசு வாங்கிக்கொண்டு தருவாள். பூங்காவில் பார்த்த பல்லி ஒன்றை வீட்டுக்குக் கொண்டுவந்து, நோட்டு மாதிரி பச்சையாக இருப்பதால் 'பணம்' என்று பெயர் வைப்பாள். பேரனின் வீட்டுப்பாடத்தில் எந்த எழுத்தாளர் யதார்த்தவாதி, யார் கற்பனாவாதி என்று பிரிக்கச் சொன்னால், பைரனை யதார்த்தவாதி, பால்சாக்கைக் கற்பனாவாதி என்று ஒவ்வொன்றையும் தப்பாகச் சொல்லுவாள். முகத்தில் துளி சந்தேகம் இருக்காது. அந்தக் காட்சியைக் குறைந்தது பத்துத் தடவை பார்த்திருப்பேன். சிரிக்க வைக்கும் எந்த முயற்சியும் அதில் கிடையாது. படிப்பறிவில்லாத ஒரு பாட்டி பேரனுக்கு மனதார உதவி செய்கிறாள், அவ்வளவுதான். சிரிப்பு தானாக வருகிறது, கூடவே நெஞ்சில் ஒரு கனமும் வருகிறது.

நடைமேம்பாலத்தில் ஏறி எம்-30க்கு மேலே நின்றேன். கீழே வண்டிகள் நிற்காமல் ஓடுகின்றன. பேசினால் கேட்காது. இந்தப் பக்கம் பத்துப் பன்னிரண்டு வரிசை ஜன்னல். பல பால்கனிகளைக் கண்ணாடி வைத்து மூடி அறையாக்கிவிட்டார்கள். ஒரு பால்கனியில் மட்டும் நாற்காலி போட்டு ஒரு பாட்டி உட்கார்ந்திருந்தார். மடியில் கம்பளி. சாலையைப் பார்த்துக்கொண்டே இருந்தார். நான் பாலத்தில் நின்ற அரை மணி நேரமும் அவர் எழுந்திருக்கவில்லை.

படத்தின் முடிவில் பாட்டி பேரனைக் கூட்டிக்கொண்டு ஊருக்கே பஸ் ஏறிவிடுகிறாள். கார்மென் மௌரா தனியாகத் திரும்பி இந்தக் கட்டடத்துக்கு வருகிறாள். பாட்டி போனபிறகு அந்த வீடு எவ்வளவு காலியாக இருக்கிறது என்பது அப்போதுதான் உறைக்கும். அதுவரை அவளை வேடிக்கையாகப் பார்த்துக்கொண்டிருந்தோம்.

கீழே பாரில் ஒரு காபி. ஊற்றிக்கொடுத்தவர், "எதற்காக இந்தப் பக்கம் வந்தீர்கள்? இங்கே சுற்றுலாக்காரர்கள் வரமாட்டார்களே" என்று கேட்டார். சூஸ் பெயரைச் சொன்னேன். "ஓ, பாட்டியா!" என்றார் உடனே. காபிக்குப் பக்கத்தில் ஒரு மக்தலேனாவை வைத்தார். அதற்குக் காசு வாங்கிக்கொள்ளவில்லை.

மூன்றாம் நாள் – அக்டோபர் 28, மாட்ரிட்

காலையில் மழை. அறையிலேயே இருந்துவிட்டு மாலையில் தோரே திரையரங்குக்குப் போனேன். சான்டா இசபெல் தெருவில், அந்தோன் மார்த்தின் சந்தைக்குப் பக்கத்தில், ஸ்பெயினின் திரைப்பட ஆவணக் காப்பகம் நடத்தும் அரங்கம். பழைய படங்களை ஒழுங்காகப் பெரிய திரையில் போடுகிறார்கள். 'அவளோடு பேசு' (2002) படத்தில் வருவது இந்த அரங்கம்தான். அந்தப் படத்திலும் சூஸ் ஒரு போர்தேராதான். குடித்தனக்காரன் ஜெயிலுக்குப் போய்விட்டான், ஆனால் ஒரு டிவிக்காரர்கூட வந்து தன்னைப் பேட்டி எடுக்கவில்லையே என்று குறைப்படுவாள்.

இன்று ஓடியது வேறு யாரோ நடித்த படம். பரவாயில்லை. வெளியே படியில் உட்கார்ந்து இதை எழுதுகிறேன்.

தமிழில் 'துணை நடிகர்' என்று சொன்னால் கூட்டத்தில் நிற்பவரையும் அது குறிக்கும். கொஞ்சம் பெரிய வேடம் என்றால் 'குணச்சித்திரம்' என்கிறோம். ஸ்பானிய மொழியில் பேச்சுவழக்கில் 'செகுந்தாரியோ', இரண்டாமவர். ஆனால் விருது கொடுக்கும்போது சொல்வது 'ரெபார்த்தோ' நடிகர். ரெபார்த்தோ என்றால் பங்கிட்டுக் கொடுப்பது. படத்தின் மொத்த நடிகர் பட்டியலுக்கும் அதே சொல்தான். எனக்கு இந்தச் சொல் பிடித்திருக்கிறது. ஒரு படத்தை எல்லோருமாகப் பங்கு போட்டுக்கொள்கிறார்கள்.

1950, 60களின் ஸ்பானிய சினிமாவில் அந்தப் பங்கு பெரிதாகவே இருந்தது. இயக்குநர் பெர்லாங்கா கேமராவை வெட்டாமல் ஓடவிடுவார். ஏழெட்டுப் பேர் ஒரே சமயத்தில் பேசிக்கொண்டே அதற்குள் வந்து போவார்கள். நாயகன் யார் என்பது அங்கே கிட்டத்தட்ட மறந்துவிடும். கரகரத்த குரல் கொண்ட பெப்பே இஸ்பெர்ட், மானுவெல் அலெக்சாந்த்ரே, அகுஸ்தின் கோன்சாலெஸ், ரஃபாயெலா அபரீசியோ. பெரும்பாலோர் மேடையில் வளர்ந்தவர்கள். ஒரே நாளில் இரண்டு காட்சி நாடகம், இடையில் கிடைத்த நேரத்தில் சினிமா. நாளுக்கு ஒரு காட்சி போதும் என்று கேட்டு 1975 பிப்ரவரியில் நடிகர்கள் வேலைநிறுத்தமே செய்ய வேண்டியிருந்தது.

சூஸ் இந்தக் கூட்டத்துக்குள் பக்கவாட்டுக் கதவு வழியாக வந்தவர். மார்கோ ஃபெரேரியின் 'எல் பிசீத்தோ', அதாவது 'சின்ன வீடு', 1958இல் எடுத்தது. மாட்ரிடில் வீடு கிடைக்காமல், குடக்கூலி உரிமை தனக்கு வர வேண்டும் என்பதற்காகச் சாகக் கிடக்கும் கிழவியைக் கல்யாணம் செய்துகொள்கிறவனின் கதை. அதில் ஒரு சின்ன வேடம். 1960இல் 'எல் கொச்சேசீத்தோ'. நடக்க முடிந்தும் மோட்டார் சக்கர நாற்காலிக்கு ஆசைப்படும் முதியவராக இஸ்பெர்ட், அவருடைய பேத்தியாக சூஸ். 1963இல் பெர்லாங்காவின் 'தூக்கிலிடுபவன்' படத்தில் இன்னும் சின்னது. அப்புறம் அல்மோதோவர் 'இருட்டுக்குள்' (1983) படத்தில் 'சந்து எலி' என்ற பெயர்கொண்ட கன்னியாஸ்திரியாக அவரைப் போடும்வரை இருபது வருடம். மடத்தின் அறையில் ஒளிந்து உட்கார்ந்து, புனைபெயரில் பரபரப்பு நாவல் எழுதுகிற கன்னியாஸ்திரி அவள். அந்த வேடத்தில் நடித்தபோது சூஸுக்கு வயது ஐம்பதைத் தாண்டிவிட்டது. நாட்டுக்கே அவரைத் தெரிந்தது அதன் பிறகுதான்.

அந்த இருபது வருடத்தைத்தான் நான் அதிகம் யோசிக்கிறேன்.

நான்காம் நாள் – அக்டோபர் 29, அல்மாக்ரோ

மாட்ரிடின் அதோச்சா ரயில் நிலையத்திலிருந்து சியுதாத் ரியாலுக்கு அதிவேக ரயிலில் ஒரு மணி நேரம். அங்கிருந்து சின்ன ரயிலில் அல்மாக்ரோ. ஜன்னலுக்கு வெளியே லா மான்சா: சிவந்த மண், இலை பழுத்த திராட்சைக் கொடி, வேறு ஒன்றுமில்லை.

அல்மாக்ரோவின் சதுக்கத்தில் இரண்டு பக்கமும் நீளமாகப் பச்சை வண்ண ஜன்னல் வரிசை. இந்த ஊரிலும் சுற்றுவட்டாரத்திலும்தான் 'வோல்வேர்' (2006) எடுத்தார்கள். 'என் ரகசியத்தின் மலர்' (1995) படத்தின் கிராமத்துப் பகுதியும் இங்கேதான். இரண்டாவதில் சூஸ் கதாநாயகியின் அம்மா. நகரத்தில் சின்ன மகளோடு நாளெல்லாம் சண்டை போட்டுக்கொண்டு, ஊருக்குப் போகிறேன் ஊருக்குப் போகிறேன் என்று சொல்லிக்கொண்டே இருப்பவள். புருஷன் விட்டுப்போன பெரிய மகளைக் கூட்டிவந்து, கழுத்து மணி இல்லாத மாடு மாதிரி ஆகிவிட்டாய், எனக்கும் அப்படித்தான், அதனால்தான் பெண்கள் பிறந்த ஊருக்குத் திரும்ப வேண்டும் என்பாள். அல்மோதோவர் பிறந்த கல்சாதா தெ கலாத்ராவா இங்கிருந்து பக்கம். தன் அம்மாவின் பேச்சை எழுதி அவர் யார் வாயில் வைத்தார் என்றால், மாட்ரிடில் பிறந்து ஓவியம் படித்த சூஸ் வாயில். அது ஒரு இடத்தில்கூட ஒட்டாமல் நிற்கவில்லை.

ஒரு வாசலில் ஒரு அம்மா லேஸ் பின்னிக்கொண்டிருந்தார். மடியில் உருளைத் தலையணை, அதன்மேல் ஓட்டை போட்ட அட்டை, அட்டை முழுக்கக் குண்டூசி. நூல் சுற்றிய மரக்குச்சிகள் முப்பது நாற்பது தொங்குகின்றன. கையைப் பார்க்காமலே இரண்டு இரண்டாக மாற்றிப் போடுகிறார். கலீர் கலீர் என்று மரச் சத்தம். அரை மணியில் விரல் நகம் அளவுக்கு வளர்ந்தது. "உட்கார், எர்மோசா" என்றார். எர்மோசா என்றால் அழகி. லா மான்சாவில் தெரியாத பெண்ணை அப்படித்தான் கூப்பிடுகிறார்கள். காலையிலிருந்து நாலு பேர் கூப்பிட்டுவிட்டார்கள்.

அவரிடம் சூஸ் பற்றிக் கேட்டேன். "அவங்க நடிச்சாங்கன்னு சொல்றாங்க. எனக்கு அப்படித் தெரியலை. எங்க பெரியம்மா அப்படியேதான் பேசுவா" என்றார். குச்சிகள் நிற்கவில்லை.

மதியம் கொர்ரால் தெ கொமேதியாஸ். 1628இல் கட்டிய திறந்தவெளி நாடக முற்றம். சத்திரமாக மாறி மறந்துபோயிருந்ததை 1950களில் கண்டெடுத்தார்கள். காவி பூசிய மரத்தூண்கள், மூலையில் கிணறு, பெண்கள் உட்கார்வதற்குத் தனி மாடம். அந்தக் காலத்துக் குழுக்களில் நாயகனுக்கும் நாயகிக்கும் கூடவே 'கிராசியோசோ' என்று ஒருவர் கட்டாயம் இருப்பார், நாயகனின் வேலைக்காரன். நாயகன் காதலையும் கௌரவத்தையும் பற்றிக் கவிதை பேசுவான். இவன் பசியைப் பற்றிப் பேசுவான், அடிக்குப் பயப்படுவான், உள்ளதைச் சொல்லிவிடுவான். மேடைக்கு எதிரே பெஞ்சில் உட்கார்ந்திருந்தபோது மோண்டல்பான் தெருவின் போர்தேரா ஞாபகம் வந்தாள். நானூறு வருடமாக ஒரே வேடம் கைமாறி வருகிறது என்றுதான் எனக்குத் தோன்றுகிறது.

இரவுக்கு இந்த ஊர்க் கத்தரிக்காய் ஊறுகாய். பிஞ்சுக் காயைக் கீறி, உள்ளே சிவப்பு மிளகாய்த் துண்டு வைத்து, பெருஞ்சீரகச் செடியின் தண்டால் குத்தி மூடி, வினிகரிலும் சீரகத்திலும் பூண்டிலும் ஊறவைக்கிறார்கள். காம்பைப் பிடித்துக்கொண்டு அப்படியே கடிக்க வேண்டும். புளிப்பு காதுவரை ஏறியது. இரண்டாவது தட்டும் வாங்கினேன்.

ஐந்தாம் நாள் – அக்டோபர் 30, கிரானாத்துலா

நேர அட்டவணையை நம்பிப் போய் நின்றால் பஸ் போயே விட்டது. கையில் இருந்த அட்டவணை பழையதாம். ஒரு மணி நேரம் நின்றுவிட்டு டாக்ஸி பிடித்தேன். கிரானாத்துலா தெ கலாத்ராவா பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டர்தான்.

'வோல்வேர்' தொடங்குவது இந்த ஊர்க் கல்லறைத் தோட்டத்தில். பலத்த காற்றில் பெண்கள் வரிசையாகக் கல்லறைகளைத் துடைத்துக்கொண்டிருப்பார்கள். பெனெலோபெ க்ரூஸும் லோலா துவேனியாஸும் அம்மாவின் கல்லைத் துடைத்துவிட்டு அத்தை பவுலாவைப் பார்க்கப் போவார்கள். அந்த அத்தைதான் சூஸ். கண் சரியாகத் தெரியாது, நடை தள்ளாட்டம், பேச்சு முன்னுக்குப் பின் முரண். ஆனால் வீடு சுத்தமாக இருக்கும், டப்பாக்களில் பலகாரம் தயாராக இருக்கும். இதையெல்லாம் யார் செய்தது என்ற கேள்வியில்தான் படமே நிற்கிறது. செத்துப்போன சகோதரி, அதாவது அந்தப் பெண்களின் அம்மா, தன்னைப் பார்த்துக்கொள்வதாக அத்தை சொல்வாள். ஏதோ பேச்சுவாக்கில் சொல்கிற மாதிரிதான் சொல்வாள். சூஸ் அந்த இடத்தில் ஒரு மயிரிழை அழுத்தம் கொடுத்திருந்தால் முடிச்சு அப்போதே அவிழ்ந்திருக்கும். கொடுக்கவில்லை.

சில நிமிடங்களில் அத்தை இறந்துவிடுகிறாள். அதற்குப் பிறகு அவள் இல்லை. ஆனால் அந்த வருடம் கான் விழாவில் சிறந்த நடிகை விருதை அந்தப் படத்தின் ஆறு பெண்களுக்கும் சேர்த்துக் கொடுத்தார்கள். ஆறில் ஒருவர் சூஸ், 75 வயதில். பங்கு என்று நான் முந்தாநாள் எழுதியது ஞாபகம் வந்தது.

அதற்குப் பிறகும் நடித்தார். 'உடைந்த தழுவல்கள்' (2009) படத்தில் மறுபடி போர்தேரா, ட்ருவெபாவின் 'கலைஞனும் மாடலும்' (2012) படத்தில் வேலைக்காரி. 2016 ஏப்ரல் 4 அன்று அல்மேரியாவில் இறந்தார். அல்மோதோவரின் அடுத்த படம் அதே வாரம் வெளியானது. அவர் இல்லாத படம்.

நான் நாள் பார்த்து வந்தது இதற்காகத்தான்: நவம்பர் 1 சகல புனிதர் திருநாள். அதற்கு முந்தைய நாட்களில் ஊரே கல்லறைக்கு வந்துவிடும். வாசலில் வாளி, துடைப்பம், சாமந்திக் கொத்து. உள்ளே முப்பது பெண்களாவது இருந்தார்கள். காற்று படத்தில் பார்த்த அதே காற்று. கொத்துகளைக் கம்பியால் கட்டி வைத்திருக்கிறார்கள், அப்படியும் இரண்டு என் காலடியில் உருண்டு வந்தன. எடுத்துக்கொண்டுபோய்ச் சொந்தக்காரரிடம் கொடுத்தேன்.

வாங்கிக்கொண்ட பாட்டிக்கு எண்பது இருக்கும். கண்ணாடி போட்டிருந்தார். எங்கிருந்து வருகிறாய், தனியாகவா, கல்யாணம் ஆகிவிட்டதா என்று வரிசையாக எல்லாம் கேட்டார். சூஸ் லாம்ப்ரேயாவே என்றேன். "பவுலா அத்தையா? நல்ல பொம்பளை" என்றார், தெருவில் இருந்தவரைச் சொல்வது போல. பிறகு, "சும்மா நிக்காதே எர்மோசா, அந்த வாளியைப் பிடி."

பிடித்தேன். புருஷனின் கல்லை அவர் தேய்த்தார், நான் தண்ணீர் ஊற்றினேன். எழுத்துகளுக்குள் இருந்த தூசியைப் பழைய பல் துலக்கும் பிரஷ் வைத்து எடுத்தார். காற்றில் ஈரம் கண்ணெதிரே காய்ந்தது. முடித்துவிட்டு முழங்காலைப் பிடித்துக்கொண்டு எழுந்து, ஒட்டினாற்போல் இருந்த அடுத்த கல்லுக்கு நகர்ந்தார். அதில் பெயர் எதுவும் இல்லை.

"இது யாருடையது?" என்று கேட்டேன்.

"என்னுது" என்றார்.

அதையும் துடைத்தோம்.